பதினேழு பேர்

போன மாசி மாதம் நம் வாலிபர் ஐக்கியத்தோடு ஒட்டாவாவுக்குப் போயிருந்தோமே, நினைவிருக்கிறதா? ரிடோ கால்வாய் உறைந்து கண்ணாடி போலக் கிடந்தது. நீங்கள் எல்லாரும் சறுக்கிக்கொண்டிருந்தீர்கள். நான் கரையில் நின்று உங்கள் சப்பாத்துகளுக்குக் காவல் காத்துக்கொண்டிருந்தேன். இந்த நாட்டில் வளர்ந்தும் எனக்குச் சறுக்க வராது; அதை விடுங்கள். அப்போது ஒரு தம்பி வந்து, "அக்கா, இவ்வளவு நீளமான கால்வாயை எதற்கு வெட்டினார்கள்?" என்று கேட்டான். அமெரிக்கர்கள் திரும்பவும் படையெடுத்து வந்தால் ஒட்டாவாவுக்கும் கிங்ஸ்டனுக்கும் இடையே பாதுகாப்பான நீர்வழி வேண்டும் என்பதற்காக, என்று எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். வீட்டுக்கு வந்த பிறகு, சொன்னது சரிதானா என்று பார்க்க உட்கார்ந்தேன். சரிதான். ஆனால் நான் எதிர்பாராத இன்னொரு செய்தி அதோடு சேர்ந்து வந்தது.

202 கிலோமீற்றர் நீளமுள்ள அந்தக் கால்வாயை 1826 முதல் 1832 வரை வெட்டினார்கள். வெட்டியவர்களில் பெரும்பாலோர் அயர்லாந்திலிருந்து பிழைப்புத் தேடி வந்த ஏழைகளும் பிரெஞ்சுக் கனேடியர்களும். அந்த வேலையில் ஆயிரம் பேர் வரை இறந்திருக்கலாம் என்று கணக்கிடுகிறார்கள். வெடிமருந்தில் சிக்கியவர்கள் உண்டு, மரம் விழுந்து செத்தவர்கள் உண்டு. ஆனால் அந்தச் சாவுகளுக்கு முக்கியமான காரணம் ஒரு காய்ச்சல். மலேரியா.

ஆம், இங்கே, ஒன்ராறியோவில். இருபது பாகை குளிரில் நீங்கள் சறுக்கிய அதே இடத்தில், கோடைக்காலங்களில் மனிதர்கள் சதுப்பு நிலத்தில் இடுப்பளவு நீரில் நின்று மண்வெட்டி பிடித்தார்கள். அங்கே கடித்த நுளம்பால் நடுங்கி விழுந்தார்கள். (நம் சபையில் பாதிப் பேர் நுளம்பு என்பீர்கள், பாதிப் பேர் கொசு என்பீர்கள். நான் வவுனியாப் பக்கம். நுளம்பு என்றே எழுதுகிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.) நான் தாதியர் பட்டப்படிப்பு முடித்தவள். மலேரியாவை "வெப்ப நாட்டு நோய்" என்ற தலைப்பின் கீழ்தான் படித்தேன். அந்தத் தலைப்பே என்னைப் பிழையாக யோசிக்கப் பழக்கிவிட்டது என்று அன்றிரவு தோன்றியது. பின்னால் சொல்லப்போகும் ஒரு சம்பவத்தில் அந்தப் பிழைக்கு இன்னொருவர் விலை கொடுத்தார்.

ஒன்ராறியோவிலிருந்து மலேரியா எப்படிப் போனது? யாரும் படை திரட்டி விரட்டவில்லை. காடு வெட்டப்பட்டு வயல்கள் வந்தன, சதுப்புகள் வடிக்கப்பட்டன, வீடுகள் இறுக்கமாகக் கட்டப்பட்டன, நுளம்புக்கு மனிதரைவிட மாடுகள் அதிகம் கிடைத்தன, கொயினா மருந்து மலிந்தது. மெல்ல மெல்ல, பத்தொன்பதாம் நூற்றாண்டோடு ஓய்ந்துவிட்டது. அந்தக் காய்ச்சலைக் காவக்கூடிய நுளம்பு இனங்கள் மட்டும் இன்னும் இங்கேயே இருக்கின்றன.

இந்த இடத்தில் ஓர் அடிப்படை விஷயம். பிறக்கும்போதே எந்த நுளம்பும் மலேரியாவோடு பிறப்பதில்லை. அது ஒரு நோயாளியைக் கடிக்கவேண்டும். அவருடைய இரத்தத்திலிருக்கும் ஒட்டுண்ணி நுளம்பின் வயிற்றுக்குள் போய் வளர்ந்து, அதன் உமிழ்நீருக்கு வரப் பத்து நாளோ இரண்டு கிழமையோ ஆகும். அதற்குப் பிறகு அது கடிக்கும் ஆளுக்குத்தான் நோய். இரத்தத்தில் அந்த ஒட்டுண்ணியை முதலில் கண்டவர் லாவரான் என்ற பிரெஞ்சு இராணுவ வைத்தியர், 1880 இல், அல்ஜீரியாவில். நுளம்பின் வயிற்றில் அதைக் கண்டவர் ரொனால்ட் றொஸ், 1897 ஆகஸ்ட் 20 இல், செகந்திராபாத்தில். அதுவரை உலகம் கெட்ட காற்றைத்தான் குற்றம் சொல்லிக்கொண்டிருந்தது. மலேரியா என்ற இத்தாலியச் சொல்லின் பொருளே அதுதான். றொஸ்ஸின் கண்டுபிடிப்பு சொன்ன செய்தி இரண்டு பக்கமும் வெட்டும். நோயாளி ஒருவரும் இல்லாவிட்டால் ஊர் நிறைய நுளம்பு இருந்தாலும் மலேரியா இல்லை. ஆனால் அந்த நுளம்பு இருக்கும் ஊருக்கு ஒரே ஒரு நோயாளி வந்தால் போதும்.

இனி நம் ஊருக்கு வருகிறேன். இந்த இரண்டு பக்கத்தையும் இலங்கையைப் போல முழுமையாக அனுபவித்த நாடு குறைவு.

எங்கள் அம்மம்மா இருந்த காலத்தில் மலேரியா என்று சொன்னதே இல்லை. "முறைக்காய்ச்சல்" என்பார். ஒருநாள் விட்டு ஒருநாள், நேரம் பார்த்து வந்ததுபோல வரும். குளிர், பிறகு நெருப்புப் போலக் காய்ச்சல், பிறகு வேர்வை, பிறகு ஒன்றுமே நடக்காததுபோல ஆள் எழும்பி வேலைக்குப் போவார். வன்னியில் அது அடை மழை போல, கடும் வெயில் போல, வருடத்தில் ஒரு பருவம். அங்கே பிறந்து வளர்ந்து தப்பியவர்களுக்குத் திரும்பத் திரும்ப வந்ததால் ஓரளவு எதிர்ப்புச் சக்தியும் இருந்தது. குழந்தைகளாகவே இறந்துபோனவர்களைப் பற்றி அம்மம்மா அதிகம் பேசமாட்டார்.

தென்மேற்கிலிருந்த ஈர வலய மக்களின் நிலை வேறு. அங்கே ஆண்டு முழுவதும் மழை, ஆறுகள் நிரம்பி ஓடும். ஓடும் தண்ணீரில் நுளம்புக் குடம்பிகள் நிற்காது, அடித்துக்கொண்டு போய்விடும். ஆகவே அங்குள்ளவர்களுக்கு மலேரியா அதிகம் பழக்கமில்லை. எதிர்ப்புச் சக்தியும் இல்லை. 1934 இல் தென்மேற்குப் பருவமழை பொய்த்தது. களனி, மகா ஓயா, தெதுறு ஓயா, மகாவலியின் மேற்பகுதி எல்லாம் வற்றி, மணலுக்கும் பாறைக்கும் இடையே குட்டை குட்டையாகத் தண்ணீர் தேங்கியது. வெயில் படும் தெளிந்த தேங்கு நீர்தான் இலங்கையின் முக்கிய மலேரியா நுளம்புக்கு விருப்பமான தொட்டில். மழை பெய்தால் நுளம்பு வரும் என்றுதானே நாம் நினைப்போம்? அங்கே மழை பெய்யாததால் வந்தது.

ஒக்ரோபரில் தொடங்கியது. மார்கழி, தை மாதங்களில் கேகாலை, குருநாகல் மாவட்டங்களில் வீடு வீடாகப் படுத்தார்கள். 1931 கணக்கெடுப்பின்படி நாட்டின் மக்கள் தொகை 53 இலட்சம். அடுத்த கோடைக்கு முன்னர் ஏறத்தாழ 80,000 பேர் இறந்தார்கள், அவர்களில் பெருந்தொகையானோர் குழந்தைகள். அது உலகப் பொருளாதாரம் விழுந்திருந்த காலம். இறப்பர் விலையும் தேங்காய் விலையும் சரிந்து, ஏழைகளின் அடுப்பு ஏற்கெனவே அணைந்திருந்தது. கொயினாவோடு கிராமங்களுக்குப் போன தொண்டர்கள், மருந்துக்கு முன்னால் சாப்பாடு வேண்டும் என்பதைக் கண்டுகொண்டார்கள். அப்படிப் போன இளைஞர்களில் சிலர்தாம் 1935 இறுதியில் லங்கா சமசமாஜக் கட்சியைத் தொடங்கினார்கள். பின்னாளில் நிதியமைச்சரான என். எம். பெரேராவுக்குப் பருப்பு மூட்டையோடு ஊர் ஊராகப் போனதால் "பருப்பு மாத்தயா" என்று பெயர் விழுந்தது. ஒரு தாதியாக எனக்கு அந்தப் பட்டப்பெயர் பிடிக்கும். வெறும் வயிற்றில் மருந்து வேலை செய்யாது என்பது எங்கள் பாடப்புத்தகத்தில் எட்டாவது அத்தியாயத்தில்தான் வந்தது. அந்தச் சனங்கள் அதை முதல் நாளே பெயராக வைத்துவிட்டார்கள்.

இரண்டாம் உலகப்போர் முடிந்த கையோடு டி.டி.டி. வந்தது. 1946 இல் இலங்கையில் பதிவான மலேரியா நோயாளர் 27 இலட்சத்துக்கும் மேல். அந்த ஆண்டுதான் நாடு முழுவதும் வீடுகளுக்கு மருந்தடிக்கத் தொடங்கினார்கள். இதன் சூட்சுமம் மிக எளிது. அந்த நுளம்பு இரவில் வீட்டுக்குள் வந்து கடிக்கும். வயிறு நிறைய இரத்தம் குடித்த பிறகு அதனால் நெடுந்தூரம் பறக்க முடியாது. பக்கத்துச் சுவரில் போய் உட்கார்ந்து செரிக்கவிடும். சுவரில் மருந்து இருந்தால் அங்கேயே சாகும். நோயாளியிடமிருந்து எடுத்த ஒட்டுண்ணி அதன் உடம்பில் முற்றுவதற்கு இரண்டு கிழமை வேண்டும் என்றேனே, அந்த இரண்டு கிழமையை அதற்குக் கொடுக்காமல் விடுவதுதான் வேலை. எல்லா நுளம்பையும் கொல்லத் தேவையில்லை. சீக்கிரம் கொன்றால் போதும்.

அம்மம்மாவுக்கு அப்போது பத்துப் பன்னிரண்டு வயது. காக்கி உடுத்தவர்கள் பம்பும் வாளியுமாக வந்து, சாமான்களை எல்லாம் முற்றத்தில் போடச் சொல்லி, மண்சுவருக்கு அடித்தார்களாம். காய்ந்ததும் சுவரெல்லாம் வெண்பூச்சாக நின்றதாம். அவருடைய அம்மா அடுத்த வெள்ளிக்கிழமையே சாணியால் மெழுகி அதை மறைத்துவிட்டார். "சுவர் அசிங்கமாக் கிடந்தது, அதுதான்" என்று சொல்லிச் சிரிப்பார். உலக சுகாதார நிபுணர்கள் பெரிய பெரிய திட்டம் தீட்டலாம். கடைசியில் அது ஒரு குடும்பப் பெண்ணின் சாணிச் சட்டியில் வந்து நிற்கிறது. இதைக் குறையாகச் சொல்லவில்லை. ஏன் அடிக்கிறோம் என்று யாராவது அவருக்கு உட்கார்ந்து சொல்லியிருந்தால் மெழுகியிருக்கமாட்டார்.

அப்படியும் பலன் வந்தது. நாட்டின் இறப்பு வீதம் ஒரே ஆண்டில் ஆயிரத்துக்கு 20 என்ற அளவிலிருந்து 14 அளவுக்கு இறங்கியது. எல்லாப் புகழும் டி.டி.டிக்கே உரியதா, உணவும் வைத்தியசாலைகளும் செய்தது எவ்வளவு என்று ஆய்வாளர்கள் பிறகு நெடுங்காலம் வாதாடினார்கள். அந்தச் சண்டைக்குள் நான் போகவில்லை. நோயாளர் எண்ணிக்கை ஆண்டுதோறும் விழுந்தது என்பதில் சண்டையில்லை. இலட்சங்கள் ஆயிரங்களாகி, ஆயிரங்கள் நூறுகளாகின. 1963 இல் நாடு முழுவதும் பதினேழு பேர்.

பதினேழு. நம் ஞாயிறு பாடசாலையில் ஒரு வகுப்பு.

1955 இல் உலக சுகாதார நிறுவனம் தொடங்கிய மலேரியா ஒழிப்புத் திட்டத்துக்குப் படிகள் இருந்தன. முதலில் தாக்குதல், நோயாளர் தொகை போதிய அளவு குறைந்ததும் மருந்தடிப்பை நிறுத்திவிட்டுக் கண்காணிப்பு. இலங்கை அந்தப் படியைத்தான் ஏறியது. 1964 அளவில் மருந்தடிப்பு நின்றது. பணமும் மிச்சம், நஞ்சும் குறைவு. புத்தகப்படி சரிதான். சரியாக நடக்காதது அடுத்த பாதி. கண்காணிப்பு என்பது காய்ச்சல்காரர் ஒவ்வொருவரின் விரல் நுனியிலும் குத்தி, ஒரு சொட்டு இரத்தத்தைக் கண்ணாடித் துண்டில் தேய்த்து, நுண்ணோக்கியில் பார்ப்பது. நூறு பேரைப் பார்த்தால் நூறிலும் ஒன்றுமில்லை. ஆயிரம் பார்த்தாலும் ஒன்றுமில்லை. இல்லாத ஒன்றைத் தேடுகிறவருக்கு எவ்வளவு நாள் சம்பளம் கொடுப்பது என்று கணக்குப் பார்க்கிறவர் கேட்பார். பார்க்கிறவருக்கும் கண் சோரும்.

அதற்குள் ஒளிந்திருந்தது விவாக்ஸ் வகை மலேரியா. அந்த ஒட்டுண்ணி ஈரலில் மாதக்கணக்கில் உறங்கிக் கிடந்து, காய்ச்சல் மாறிவிட்டது என்று எல்லாரும் மறந்த பிறகு திரும்ப எழும்பும். மாணிக்கக் கல் தோண்டும் குழிகளில் தண்ணீர் தேங்கிய இடங்கள், ஊர்விட்டு ஊர் போகும் கூலிகள், புதிய குடியேற்றங்கள்: அதற்கு வேண்டிய எல்லாம் இருந்தன. 1967 இன் இறுதியில் மீண்டும் வெடித்தது. 1969 இல் மட்டும் பதிவானவர்கள் 5 இலட்சத்து 37 ஆயிரத்துக்கும் மேல். பதினேழிலிருந்து அங்கே போக ஆறு ஆண்டுகள்.

இணையத்தில் உலாவும் ஒரு கதையை உங்களில் சிலர் பார்த்திருப்பீர்கள்: ரேச்சல் கார்சன் 1962 இல் டி.டி.டிக்கு எதிராகப் புத்தகம் எழுதினார், அதனால் இலங்கை மருந்தை நிறுத்தியது, அதனால் மக்கள் செத்தார்கள் என்று. அந்த அம்மையார்மேல் இதைப் போடுவது அநியாயம். மருந்து நிறுத்தப்பட்டது அது வென்றுவிட்டது என்று நம்பியதால். நோய் திரும்பியதும் இலங்கை மறுபடி டி.டி.டியைத்தான் அடித்தது. ஆனால் நுளம்பு அதற்குள் பழகிக்கொண்டுவிட்டது. 1977 இல் மலத்தியனுக்கு மாறவேண்டி வந்தது.

1963 இல் முடிவெடுத்தவர்களை நான் ஒரு காலத்தில் இளக்காரமாகத்தான் நினைத்தேன். பிறகு எனக்கே ஒன்று நடந்தது.

வேலைக்குச் சேர்ந்து இரண்டாவது வருடம். அவசர சிகிச்சைப் பிரிவின் வாசலில், வருகிறவர்களை முதலில் பார்த்து வகைப்படுத்தும் இடத்தில் இருந்தேன். நடுப் பனிக்காலம், சளிக்காய்ச்சல் உச்சம். இருக்கைகள் நிரம்பி, சுவரில் சாய்ந்துகொண்டும் ஆட்கள். எல்லாருக்கும் காய்ச்சல், தலையிடி, உடம்பு நோ. எங்கள் படிவத்தில் ஒரு கேள்வி உண்டு: அண்மையில் வெளிநாடு போனீர்களா? காலையிலிருந்து நான் கேட்ட எல்லாரும் இல்லை என்றார்கள். மத்தியானத்துக்குப் பிறகு நான் கேட்பதை நிறுத்திவிட்டேன். "இல்லை" என்ற கட்டத்தில் நானே அடையாளம் இட்டேன்.

இருபது வயதுக்கு மேல் ஒரு பையன். நடுங்கிக்கொண்டு வந்தான். சளிக்காய்ச்சல் என்று அவனே சொன்னான், நானும் எழுதினேன். ஐந்து மணி நேரம் இருக்கையில் கிடந்தான். அடுத்த முறைக்கு வந்த மூத்த தாதி, பிலிப்பைன்ஸ்காரர், அவன் கண்ணின் மஞ்சளைப் பார்த்துவிட்டு, நான் கேட்காத அந்தக் கேள்வியைக் கேட்டார். மூன்று கிழமைக்கு முன்னர்தான் மேற்கு ஆபிரிக்காவில் தொண்டு வேலை முடித்து வந்திருக்கிறான். ஃபல்சிபாரம் மலேரியா, மூளையையும் சிறுநீரகத்தையும் தாக்கும் வகை. அதில் ஒவ்வொரு மணி நேரமும் கணக்கு. தீவிர சிகிச்சைப் பிரிவில் நாளத்தின் வழியே ஆர்ட்டிசுனேட் ஏற்றி, ஒரு கிழமை போராடிப் பிழைத்தான். அவனுடைய தாயார் என் கையைப் பிடித்து நன்றி சொன்னார். அவர் யாருக்கு நன்றி சொல்கிறோம் என்று தெரியாமல்தான் சொன்னார். நான் மேலாளரிடம் போய் நடந்ததைச் சொன்னேன், எழுதிக்கொடுத்தேன். தண்டனை பெரிதாக ஒன்றுமில்லை. அந்தக் கட்டம் மட்டும் இன்னும் கண்ணுக்குள் நிற்கிறது.

அன்றிலிருந்து அந்தப் பதினேழு பேர் எனக்கு வேறு மாதிரித் தெரிகிறார்கள். நோயைத் திரும்ப உள்ளே விட்டவர்கள் முட்டாள்களோ கெட்டவர்களோ இல்லை. காலையிலிருந்து "இல்லை" என்ற பதிலையே கேட்டுக் களைத்தவர்கள்.

திரும்பி வந்த மலேரியா லேசில் போகவில்லை. 1987 இல் நோயாளர் தொகை ஆறு இலட்சத்தைத் தாண்டியது. எங்கள் அம்மா மலத்தியன் காலத்துப் பிள்ளை. அந்த நாற்றத்தை இன்றைக்கும் சொல்லி மூக்கைச் சுளிப்பார். சனங்கள் கதவைப் பூட்டிவிட்டு வயலுக்குப் போய்விடுவார்களாம், மருந்தடிக்கிறவர்கள் வெறுங்கையோடு திரும்பட்டும் என்று. பிறகு போர் வந்தது. வடக்கிலும் கிழக்கிலும் வைத்தியர்கள் இல்லை, பாதை இல்லை, மரத்தடியில் தறப்பாளின் கீழ் இடம்பெயர்ந்த குடும்பங்கள். 1999 இல் நாட்டில் இரண்டரை இலட்சத்துக்கு மேற்பட்ட நோயாளர். வடக்கு கிழக்கு மாவட்டங்கள்தாம் மிக மோசம்.

இந்த வரலாற்றில் எனக்கு மிகப் பிடித்த பகுதி இங்கேதான் இருக்கிறது. இரு தரப்பும் எதிலும் ஒத்துப்போகாத அந்த ஆண்டுகளிலும் மலேரியா வேலை முற்றாக நிற்கவில்லை. அரசின் மலேரியா ஒழிப்பு இயக்கத்தின் ஊழியர்கள் கட்டுப்பாட்டு எல்லைகளைத் தாண்டிப் போனார்கள். மருந்தும் வலையும் போக இரு தரப்பும் இடம் விட்டன. நுளம்பு சீருடை பார்ப்பதில்லை என்பது எல்லாருக்கும் தெரிந்திருந்தது. 1911 இல் குருநாகலில் தொடங்கிய அந்த இயக்கம் இம்முறை பழைய பிழையைச் செய்யவில்லை. வேறு வேறு வகுப்பு மருந்துகளை மாற்றி மாற்றி அடித்தார்கள், நுளம்பு ஒன்றுக்குப் பழகாதபடி. நீடித்த மருந்தூட்டிய வலைகள் கொடுத்தார்கள். நடமாடும் சிகிச்சைக் குழுக்கள் வைத்தியசாலை இல்லாத ஊர்களுக்கே நுண்ணோக்கியைக் கொண்டுபோயின. ஒரு நோயாளி கண்டால் அவர் வீட்டைச் சுற்றி உள்ள எல்லாரையும் பரிசோதித்தார்கள். ஈரலில் உறங்கும் விவாக்ஸுக்கு இரண்டு கிழமை தொடர்ந்து மாத்திரை. அதை அவர் உண்மையில் விழுங்குகிறாரா என்று தேடிப்போய்ப் பார்த்தார்கள்.

2012 இல் உள்நாட்டில் தொற்றியவர்கள் 23 பேர். கடைசி ஆள் அந்த ஆண்டு ஒக்ரோபரில். 2016 செப்ரெம்பர் 5 இல், கொழும்பிலேயே நடந்த கூட்டத்தில், இலங்கையை மலேரியா அற்ற நாடு என்று உலக சுகாதார நிறுவனம் அறிவித்தது. அன்று அம்மாவுக்குத் தொலைபேசியில் சொன்னேன். "அப்ப இனி அந்த நாத்தம் வராதோ?" என்று கேட்டார். அவருடைய கவலை அவருக்கு.

ஆனால் 1963ஐ அறிந்தவர்கள் 2016 இல் வெடி கொளுத்தவில்லை. 2018 டிசம்பரில் மொனராகலை மாவட்டத்தில் ஒரு சோதனை வந்தது. வேலைக்காக வந்திருந்த இந்தியத் தொழிலாளி ஒருவருக்கு மலேரியா. அவரிடமிருந்து நுளம்பு வழியாக அங்கேயே இருந்த ஒருவருக்குத் தொற்றியது. 1967 இல் இப்படித்தான் தொடங்கியிருக்கவேண்டும். இம்முறை அந்த இரண்டாவது ஆளைக் கண்டுபிடித்தார்கள், அயலெல்லாம் சோதித்தார்கள், மூன்றாவது ஆள் வரவில்லை.

மன்னாரில் வேறொரு தலையிடி. ஸ்டீபன்சி என்ற நுளம்பு அங்கே 2017 அளவில் கண்டுபிடிக்கப்பட்டது. சென்னைக்காரருக்கு இது பழைய எதிரி. கிணற்றிலும் மொட்டைமாடித் தண்ணீர்த் தொட்டியிலும் முட்டையிட்டு, பட்டணத்துக்குள்ளேயே மலேரியாவைப் பரப்பும். ஆற்றங்கரைக் குட்டை இதற்குத் தேவையில்லை. இதே நுளம்பு 2012 இல் ஆபிரிக்காவின் கொம்புப் பகுதியிலுள்ள ஜிபூத்தி நாட்டில் முதன்முறையாகக் காணப்பட்டது. அந்த ஆண்டு அங்கே மலேரியா நோயாளர் 27 பேர். ஒழிப்புக்கு மிக அருகில் இருந்தார்கள். 2020 இல் 73,000. இலங்கையின் பழைய கணக்கை யாரோ திரும்ப எழுதியதுபோல இருக்கிறது. இப்போது எத்தியோப்பியா, சூடான் என்று அது நகரங்களுக்குள் நடந்துகொண்டிருக்கிறது. 2023 இல் உலகில் மலேரியாவால் இறந்தவர்கள் ஏறத்தாழ 5 இலட்சத்து 97 ஆயிரம். அதே ஆண்டு அமெரிக்காவில், புளோரிடாவிலும் ரெக்சாசிலும், வெளிநாடே போகாத சிலருக்கு மலேரியா வந்தது. அங்கே இருபது ஆண்டுகளாக அப்படி நடந்ததில்லை.

டெங்கு பற்றித் தனியாக எழுதவேண்டும், இன்னொரு இதழில் பார்ப்போம். பகலில் கடிக்கும் வேறு நுளம்பு, வேறு கதை. ஊருக்கு விடுமுறையில் போகும் நம்மவர்களுக்கு இன்று அதுதான் மலேரியாவைவிட அருகிலிருக்கும் ஆபத்து. 2017 இல் மட்டும் இலங்கையில் 1,86,000 பேருக்கு மேல் வந்தது. அதற்குப் பூந்தொட்டியின் கீழ்த்தட்டுத் தண்ணீர் போதும் என்பதை மட்டும் இப்போதைக்கு வைத்துக்கொள்ளுங்கள்.

இந்தக் கோடையில் நம் ஐக்கியத்திலிருந்து ஐந்து பேர் உகண்டாவுக்கு ஊழியப் பயணம் போகிறீர்கள். அங்கே மலேரியா ஆண்டு முழுவதும் உண்டு. புறப்பட ஆறு கிழமைக்கு முன்னரே பயண மருத்துவ நிலையத்துக்குப் போங்கள். தடுப்பு மாத்திரையைத் திரும்பி வந்த பிறகும் சொன்ன நாள்வரை விழுங்கவேண்டும். வீட்டுக்கு வந்து முதல் ஞாயிறோடு பலர் நிறுத்திவிடுகிறார்கள். திரும்பி வந்து ஓராண்டுக்குள் எந்தக் காய்ச்சல் வந்தாலும், வைத்தியசாலை வாசலில் இருக்கும் தாதி கேட்டாலும் கேட்காவிட்டாலும், எங்கே போயிருந்தீர்கள் என்று நீங்களே முதலில் சொல்லுங்கள். அவர் காலையிலிருந்து "இல்லை" கேட்டுக் களைத்திருப்பார்.

இலங்கைக்குச் சான்றிதழ் கிடைத்த அந்தக் காலத்தில், ஆண்டுக்குப் பத்து இலட்சம் அளவில் இரத்தப் பரிசோதனை செய்துகொண்டிருந்தார்கள். உள்நாட்டுத் தொற்று பூச்சியம். யாரோ ஒருவர், வவுனியாவிலோ மன்னாரிலோ, காலையில் வந்து நுண்ணோக்கிக்குமுன் உட்கார்ந்து, அடுத்த கண்ணாடித் துண்டை வைக்கிறார். ஒன்றுமில்லை என்று எழுதுகிறார். அடுத்ததை எடுக்கிறார்.